மாடிவீட்டு ரிப்பேர்

மாடியிலிருந்து "அங்கிள்!" என்று குரல் வந்தால் போதும், கணபதிராமன் காபியைப் பாதியில் வைத்துவிட்டு ஸ்பானரோடு படியேறிவிடுவார். மைசூர் யாதவகிரியில் சொந்த வீடு. மாடியில் கிரணும் மனிஷாவும் வாடகைக்கு. ரயில்வேயில் இருந்தவர் என்பதால் தெருவில் அவரை மெக்கானிக் என்றே நினைக்கிறார்கள். பார்த்ததென்னவோ டிக்கெட் கவுண்டர்.

"வாடகை வாங்கறேனோல்லியோ? ரிப்பேர் என் பொறுப்பு. அதையும் ஆள் வெச்சுப் பண்ணினா அப்புறம் என்ன பொறுப்பு?" என்பார். அவர் கைபட்ட குழாய்கள் கழுத்துச் சுளுக்குக்காரர்கள்போல் சைக்கிள் டியூப் சுற்றிக்கொண்டு நிற்கும். சமையலறை விளக்கு ஹால் ஸ்விட்சில் எரியும். "பழகிண்டா சரியாப் போயிடும்." பாவம், பழகியும்விட்டார்கள்.

கீசர் மட்டும் பழக விடவில்லை. அவர் பழுது பார்த்த மறுநாளிலிருந்து, குழாயைத் தொட்டால் ஷாக். மீண்டும் கழற்றி மாட்டினார். மீண்டும் அடித்தது.

மனிஷா கொள்ளேகால் பெண். மரியாதை குறையாமல்தான் சொன்னாள். "நீங்க தங்கமான மனுஷருங்க அங்கிள். ஆனா எலெக்ட்ரீஷியன் வரலீன்னா நாங்க வேற வீடு பாத்துக்கறமுங்க."

"இன்னொரு தரம் பாத்துடறேனே, அம்மா."

"பேடா அங்கிள், வேண்டாமுங்க. பேடவே பேடா. போதுமுங்க!"

கீழே வந்து மனைவியிடம் முறையிட்டார். "என் கடமையப் பண்ண விடமாட்டேங்கறா, நாகு."

"குடியிருக்கறவா உசிரோட இருக்கணும். அதான் மொதல் கடமை," என்றாள் நாகலக்ஷ்மி, கீரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "ஃபோனப் போடுங்கோ."

மத்தியானம்வரை அவர் ஃபோனைத் தொடவில்லை. நல்ல பிள்ளைகள், போய்விட்டால் மாடி வெறிச்சென்று ஆகிவிடும். கடைசியில் போட்டார்.

எலெக்ட்ரீஷியன் பிரசாந்த் ஸ்டூல்மேல் ஏறி கீசர் மூடியைத் திறந்தான். எட்டிப் பார்த்தவன், "எர்த் ஒயர் எங்கே சார்?" என்று கன்னடத்தில் கேட்டான்.

"அதுவா? சும்மா நீளமாத் தொங்கிண்டிருந்தது. நறுக்கிட்டேன்."

கிரண் இருமினான். மனிஷா துப்பட்டாவால் வாயைப் பொத்திக்கொண்டாள். பிரசாந்த் சிரிப்பை அடக்கியதில் ஸ்டூல் லேசாக ஆடியது.

கணபதிராமன் வேட்டியை மடித்துக் கட்டி, ஈரத் தரையில் குந்தி, ஸ்டூலின் காலை இரண்டு கைகளாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டார்.