ஒரு தடவைகூட மாட்டாத பெல்ட்

எங்கள் பெயின்டிங் கம்பெனியின் ஸ்டோர்காரருக்குப் பெற்றவர்கள் வைத்த பெயர் ஒன்று இருக்கத்தான் செய்யும். எங்களுக்கு அவர் பூட்டு. ஸ்டோருக்குள் போன பொருள் திரும்பி வந்ததைப் பார்த்தவர் கிடையாது. புது பிரஷ் கேட்டால் பழைய பிரஷின் கட்டையைக் காட்டச் சொல்வார். ஒரு ஜோடி கையுறையைப் பிரித்து, வலதை எனக்கும் இடதை இன்னொருவனுக்கும் கொடுத்த மகராசன் அவர். கேட்டால், "ரெண்டு கையாலயுமா பெயின்ட் அடிக்கிறே?" என்பார்.

உயரத்தில் ஏறுகிறவர்கள் இடுப்பில் மாட்டிக்கொள்ள ஒரு சமயம் பாதுகாப்பு பெல்ட்டுகள் வந்தன. பூட்டு அவற்றை அந்துருண்டை போட்டு பாலிதீன் உறையில் சுற்றி ஆணியில் தொங்கவிட்டார். வாராவாரம் இறக்கித் துடைப்பார். மாட்டத்தான் விடமாட்டார். "உன்னை மாதிரி ஒருத்தன் போதும்யா எனக்கு" என்று முதலாளி தட்டிக்கொடுத்தால் அன்றைக்கெல்லாம் மனுஷனுக்குக் கால் தரையில் நிற்காது.

பூட்டு என்ற பெயரை வைத்தவன் என் கூட்டாளி. வாயைத் திறந்தாலே நக்கல்தான். ஒரு மழைக்காலக் காலையில் மூன்றாவது மாடி சன்ஷேடிலிருந்து கால் வழுக்கி விழுந்தான். ஆஸ்பத்திரி போய்ச் சேருவதற்குள் உயிர் போய்விட்டது.

வேலை செய்யும்போது செத்தால் முதலாளி நஷ்டஈடு தர வேண்டும். எங்கள் முதலாளியோ, பெல்ட் கொடுத்தோம், திமிரில் கழற்றி வைத்துவிட்டு ஏறினான், சாவுக்கு அவனே பொறுப்பு என்று சாதித்தார். அதற்குச் சாட்சி யார் தெரியுமா? பூட்டு! அவர் சொல் எடுபட்டுவிட்டால் என் கூட்டாளியின் மனைவியும் மகளும் வாடகை வீட்டைக் காலி செய்துவிட்டு நடுத்தெருவில் நிற்க வேண்டியதுதான்.

விசாரணை நாளில் பூட்டு இஸ்திரி போட்ட சட்டையில் வந்து நின்றார்.

"பெல்ட்டை உங்க கையால கொடுத்தீங்களா?" என்று கேட்டார் விசாரணை அதிகாரி அம்மா.

"கொடுத்தேன் மேடம்."

பின் பெஞ்சில் நாங்கள் பல்லைக் கடித்து அடக்கிப் பார்த்தோம். முடியவில்லை. ஒருவன் மூக்கால் சிரிக்க, அப்புறம் மொத்த பெஞ்சும் குலுங்கியது. புருஷனைப் பறிகொடுத்தவள்கூட வாயைப் பொத்திக்கொண்டாள்.

"ஒரு மனுஷன் செத்திருக்காரு. என்ன சிரிப்பு?" என்று அதிகாரி சீறினார்.

கூட்டாளியின் மனைவி எழுந்து நின்றாள். "தப்பா எடுத்துக்காதீங்க மேடம். இதைக் கேட்டிருந்தா அவரே சிரிச்சிருப்பாரு."

முதலாளியின் வக்கீலுக்கு எரிச்சல். "சன்ஷேடில் கழற்றிப் போட்டிருந்த பெல்ட் இதுதான்" என்று பையிலிருந்து ஒன்றை எடுத்து மேசையில் வீசினார். கொக்கி டங்கென்று மோதியது.

பூட்டுக்குத் தாங்கவில்லை. பாய்ந்து எடுத்து, சட்டை நுனியால் கொக்கியைத் துடைத்தார். "பாத்து வைங்க சார்! ஒரு தடவைகூட மாட்டாத பெல்ட்டு!"

முதலாளி முகத்தில் ஈயாடவில்லை.

"என்ன சொன்னீங்க?" என்றார் அதிகாரி.

பூட்டு வசமாக மாட்டிக்கொண்டார் என்று எனக்கு ஒரே குதூகலம். எப்படிச் சமாளிப்பார் என்று கழுத்தை நீட்டிப் பார்த்தேன். அவர் சமாளிக்கவில்லை. துடைத்த கொக்கியையே பார்த்துக்கொண்டு நின்றார்.

"கொடுக்கல மேடம். அன்னைக்கு அவன் வந்து கேட்டான். மழை வர மாதிரி இருக்கு, பெல்ட் நனைஞ்சிடும்னு சொல்லி அனுப்பிட்டேன்."

எங்களில் யாரும் சிரிக்கவில்லை. அவளும் உட்கார்ந்துவிட்டாள். அவன் பெல்ட் கேட்டது அதுவரை எங்கள் யாருக்கும் தெரியாது.

நஷ்டஈடு தரச் சொல்லி உத்தரவானது. பூட்டுக்கு வேலை போனது. சாவியை ஒப்படைக்கும் முன் அவர் ஸ்டோரைத் திறந்து, பெல்ட்டுகளை உறையிலிருந்து உருவி, எங்கள் ஒவ்வொருவர் இடுப்பிலும் தன் கையாலேயே மாட்டிவிட்டார். என் முறை வந்தபோது சட்டையெல்லாம் ஈரப் பெயின்ட். பழக்கதோஷத்தில் பின்வாங்கினேன்.

"கறை ஆயிடும்ணே."

பூட்டு வாரை இழுத்து இறுக்கினார்.

"ஆகட்டும்டா."