துவைக்காத சுடிதார்

போன வாரம் திருநெல்வேலிக் கோர்ட்டுக்குப் போயிருந்தேன். பயப்படாதீர்கள்... என் மேல் கேஸ் எதுவும் இல்லை. வக்கீல் தோழியோடு மதியம் சாப்பிடலாம் என்று போனேன். சாப்பிடவில்லை.

தோழியின் எதிரில் ஓர் அம்மா உட்கார்ந்திருந்தார். அம்பாசமுத்திரம் பக்கம். பெயர் வேண்டாம் – சட்டமும் வேண்டாம் என்கிறது. காலேஜிலிருந்து திரும்பிய அவர் மகளை ஒருவன் பலாத்காரம் செய்துவிட்டான். ஜாமீனில் வந்து அவர்கள் தெருவிலேயே பைக் ஓட்டுகிறான். படிப்பை விட்டு வீட்டுக்குள் அடைந்து கிடப்பது மகள்தான். தண்டனை யாருக்கு?

எங்கள் ஆற்றங்கரை ஊர்களில் அழுக்குத் துணியை ராத்திரி தங்க விடமாட்டார்கள். என்ன நடந்தாலும் முதலில் ஒரு முங்கு, துணிக்கு ஒரு கசக்கு. அன்றும் அந்த அம்மா மகளின் சுடிதாரை வாளியில் போடப் போயிருக்கிறார். மகள் பிடுங்கிக்கொண்டாளாம். “துவைக்காதம்மா. இத வச்சுத்தான் அவன பிடிக்கணும்.”

குளிக்காமல், கூசிக் கூசி உட்கார்ந்திருந்து, அப்படியே ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கிறாள். டாக்டர் சாம்பிள் எடுத்தார். துணியும் போலீஸ் கைக்குப் போனது. லேபில் சோதனை நடக்கிறது என்று தாயும் மகளும் நம்பிக் காத்திருந்தார்கள்.

தோழி விசாரித்ததில் அன்றைக்குத்தான் தெரிந்தது. சீல் சரியில்லை என்று லேப் அந்தப் பார்சலை அப்போதே திருப்பி அனுப்பிவிட்டது. சரிசெய்து மறுபடி அனுப்ப யாருக்கும் தோன்றவில்லை. இன்னும் கோர்ட்டில் சாட்சிப் பொருள் வைக்கும் அறையில் கிடக்கிறது.

நாம் ஆர்டர் செய்த செருப்பு திரும்பிப் போனால் எத்தனை போன் போடுவோம்? எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது.

மனு போட்டு லேபுக்கு அனுப்ப வைப்பதாகத் தோழி சொன்னாள். இத்தனை காலம் கழித்து ஏதாவது தேறுமா என்று கேட்டேன். “கெட்டுப்போகாம இருந்தா...” என்று இழுத்தாள்.

அந்த அம்மா அழவில்லை. முந்தானையை மடித்து மடித்துப் பிரித்தார்.

“அவகிட்ட நான் என்ன சொல்லுவேன் மேடம்? இப்பவும் நான் துணி துவைக்க உக்காந்தா, அவ வந்து ஒரு தடவ பாத்துட்டுத்தான் போவுதா.”

தோழி மனு எழுதக் காகிதத்தை எடுத்தாள். அந்த அம்மா பைய, தணிந்த குரலில் சொன்னார். “பாக்கப் போறதில்லன்னா அத திருப்பிக் குடுத்திரச் சொல்லுங்க. நான் துவைச்சுக்கிடுதேன்.”

மகள் சொல்லுக்குக் கட்டுப்பட்டு, அம்மா அந்தத் துணியைத் தொடவில்லை.

சர்க்காரும் தொடவில்லை.