கலாஜினி தைத்த இரண்டு கலங்கள்

பழுகாமத்தில் கலாஜினியிடம் சட்டை தைக்கக் கொடுப்பவர்கள் ஒரு தடவைதான் அளவு கொடுப்பார்கள். அடுத்த தடவை அவள் ஆளை ஒரு பார்வை பார்த்து, "ரெண்டு விரல் கூடிப்போச்சு" என்பாள். நாடாவை எடுத்து அளந்தால் இரண்டு விரல்தான் கூடியிருக்கும். வயது நாற்பத்து மூன்று. வீட்டு முன்னறையில் இரண்டு தையல் மெஷின் வைத்திருக்கிறாள். கணவன் துசாந்தனுக்குப் பாசிக்குடா ஹோட்டல் ஒன்றில் சலவைப் பகுதியில் வேலை. பதினைந்து நாளைக்கு ஒருமுறை வீட்டுக்கு வரும்போது, அங்கே கழித்துவிட்ட திரைச்சீலைகளைக் கேட்டு வாங்கி மூட்டையாகக் கட்டிக்கொண்டு வருவான்.

சென்ற வருடம் ஜனவரியில், பள்ளிச் சீருடை வேலை ஓய்ந்திருந்த ஒரு காலை, டவுனிலிருந்து சுதாகரன் என்பவர் மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கினார். பார்வையற்றவர்களை ஓ.எல். என்ற பள்ளிப் பொதுப் பரீட்சைக்குப் படிப்பிக்கும் சிறு வகுப்பொன்றில் அவர் விஞ்ஞான ஆசிரியர்.

"அக்கா, எனக்கு ரெண்டு கலம் தைச்சுத் தரணும்."

"கலமெண்டா? பானை சட்டிக்குப் போடுற உறையா சேர்?"

அவர் சிரித்துக்கொண்டே ஒரு தாளை எடுத்து மேசையில் விரித்தார். உயிருள்ளது எதுவானாலும், புல்லோ மாடோ மனிதனோ, கண்ணுக்குத் தெரியாத கலங்களால் ஆனது என்று சொல்லித் தொடங்கினார். தாளில் ஒரு பக்கம் தாவரக்கலம், மறுபக்கம் விலங்குக்கலம். பார்வையுள்ள பிள்ளைகள் இந்தப் படத்தைப் பார்த்தே படித்துவிடுவார்கள். தன்னுடைய ஏழு மாணவர்களுக்கும் கையால் தடவிப் பார்க்க ஏதாவது வேண்டும் என்றார்.

"நான் விஞ்ஞானத்தில கோட்டை விட்ட ஆள் சேர்," என்றாள் கலாஜினி.

"தையலில விடல்லத்தானே."

அந்தப் பதில் அவளுக்குப் பிடித்துப்போய்விட்டது.

மூன்று நாள் வேறு வேலை எதையும் தொடவில்லை. தாவரக்கலத்தை மேலே வாய் திறந்த பெட்டி வடிவில் வெட்டினாள். அதற்குக் கலச்சுவர் என்று விறைப்பான ஒன்று உண்டு என்பதால், சட்டைக் கொலருக்கு வைக்கும் கன்வசை இரண்டு மடிப்பாக வைத்துத் தைத்தாள். விலங்குக்கலத்துக்குச் சுவர் கிடையாது, மெல்லிய சவ்வு மட்டும்தான். அதனால் வழுவழுப்பான சாட்டின் துணியில் உருண்டையாக ஒரு பை. இரண்டின் நடுவிலும் கரு என்று ஒரு பந்து. தாவரக்கலத்தில் தண்ணீர் நிறைந்த பெரிய புன்வெற்றிடம் இருக்க வேண்டும். அதற்கு நீலத் துணியில் பஞ்சை அடைத்தாள். உணவு தயாரிக்கும் பச்சையவுருமணிகள் தாவரத்தில் மட்டும்தான். அவற்றுக்குப் பச்சை நிறக் கோட்டுப் பொத்தான்கள்.

சக்தி கொடுக்கும் இழைமணிகளுக்குச் சிவப்புப் பொத்தான் வைக்கும்போதுதான் இடறியது. படத்தில் அவை இரண்டு கலத்திலும் இருந்தன. அச்சுப் பிழையாக்கும் என்று நினைத்துச் சுதாகரனுக்குப் போன் எடுத்தாள்.

"சேர், மரம் ஓடித் திரியிறதில்லயே. அதுக்கு என்னத்துக்குச் சக்தி?"

"பச்சையவுருமணி சமைக்கும் அக்கா. சமைக்கிற ஆளும் சாப்பிடத்தானே வேணும்? சாப்பாட்டில இருந்து சக்தி எடுக்கிறது இழைமணி. மரம் வளர வேணாமா?"

கலாஜினி அடுப்படிப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். காலையிலிருந்து அவள் எதுவும் சாப்பிட்டிருக்கவில்லை. "அது சரிதான்," என்று போனை வைத்துவிட்டு, தாவரக்கலத்திலும் சிவப்புப் பொத்தான்களைத் தைத்தாள்.

தைத்து முடித்தபோது இரண்டும் கண்ணைப் பறித்தன. அயலவர்கள் வந்து பார்த்தார்கள். அவள் அனுப்பிய படத்தைத் துசாந்தன் வட்ஸ்அப் ஸ்டேட்டசில் போட்டான். மறுநாள் களுவாஞ்சிக்குடியில் பஸ் மாறி டவுனுக்குப் போகும்போது, மடியில் இருந்ததைப் பார்த்து, "தலகாணியா அக்கா?" என்று கேட்டான் கொண்டக்டர். "இல்ல தம்பி, விலங்குக்கலம்," என்றாள் அவள், பழகிப்போன ஆளைப் போல.

வகுப்பில் முதலில் கையை நீட்டியவள் மேனுகா. இருபத்து நான்கு வயது. வாகரைப் பக்கத்து மீன்பிடிக் குடும்பம். பிறந்ததிலிருந்தே பார்வை இல்லை. கலச்சுவரைத் தட்டிப் பார்த்தாள், சாட்டினை அழுத்திப் பார்த்தாள், பிறகு உள்ளே கையை விட்டுப் பொத்தான்களை ஒவ்வொன்றாகத் தடவினாள்.

"அன்ரி, எல்லாம் ஒரே பொத்தான்தானே. இதில எது பச்சையவுருமணி, எது இழைமணி?"

"பச்சையா இரிக்கிறதுதான் மகள் பச்சைய..."

நிறத்தைக் கையால் தடவிப் பார்க்க முடியாது என்பது அப்போதுதான் கலாஜினிக்கு உறைத்தது. முகம் சூடேறியது. சுதாகரனும் நெற்றியில் கை வைத்துக்கொண்டார், அவருக்கும் அது தோன்றியிருக்கவில்லை. மேனுகாதான் முதலில் சிரித்தாள்.

"பரவால்ல அன்ரி. நிறப்படம் போட்ட புத்தகமே எனக்குத் தந்திருக்காங்க."

வகுப்பு முழுவதும் சிரித்தது. சிரிப்பு அடங்கியதும் மேனுகா மறுபடியும் கையை உள்ளே விட்டாள். புன்வெற்றிடம் தண்ணீர் என்றுதான் சொல்லித் தந்தார்கள், இது ஏன் பஞ்சாகக் கிடக்கிறது என்று கேட்டாள். பிறகு இன்னொன்றும் கேட்டாள்.

"சுவர் இரிக்கிற கலத்துக்குச் சவ்வு இல்லயா சேர்?"

"இரிக்கு. சுவருக்கு உள்பக்கம். சவ்வு ரெண்டு கலத்துக்கும் பொது," என்றார் சுதாகரன். கலாஜினி அதை விட்டுவிட்டிருந்தாள். சுவர் இருக்கும்போது சவ்வு எதற்கு என்று அவளாகவே தீர்மானித்திருந்தாள்.

இரண்டு கலங்களையும் திருப்பி எடுத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தாள். வெட்கம் ஒரு பக்கம் இருந்தாலும், உள்ளே ஏதோ சுறுசுறுவென்று வேலை செய்யத் தொடங்கியிருந்தது. சனிக்கிழமை துசாந்தன் வந்தபோது, கண்ணைத் துணியால் கட்டிக்கொண்டு துண்டுத்துணிப் பெட்டிக்குள் கையை விட்டுத் துழாவிக்கொண்டிருந்தாள் மனைவி.

"என்னகா, கண்ணில என்ன?"

"பேசாம இரிங்க. இது கோடுறோயா, வெல்வெட்டா எண்டு பாக்கிறன்."

இந்தத் தடவை நிறத்தை அவள் கணக்கிலேயே எடுக்கவில்லை. பச்சையவுருமணிக்குத் தட்டையான வட்டங்களை வெட்டி, உள்ளே நாணயங்களை அடுக்கியதுபோல் சிறு சிறு அடுக்குகள் வைத்தாள். இழைமணிக்கு அவரைவிதை வடிவம், உள்ளே பிள்ளைகளின் சட்டைக்கு வைப்பதுபோல நெருக்கமான சுருக்கு. கருவுக்கு மணல் நிரப்பிய பந்து, கையில் கனத்தது. கன்வஸ் சுவருக்கு உட்புறம், அதோடு சேர்த்துத் தைக்காமல், தனியாக ஒரு சாட்டின் பையைப் போட்டாள். அதற்குள் புன்வெற்றிடமாக, மருந்துக்கடையில் வாங்கிய ரப்பர் சுடுதண்ணிப் பை. தண்ணீரை நிரப்பியதும் சாட்டின் சுவரோடு ஒட்டிக்கொண்டு, கலம் கல்லுப்போல விறைத்து நின்றது.

அப்படி விறைத்து நின்றது பட்டிருப்புப் பாலம் வரைக்கும்தான். பஸ் குலுக்கிய குலுக்கலில் பையின் மூடி இளகி, பாலத்தைத் தாண்டுவதற்குள் கலாஜினியின் சேலை முழங்கால் வரை நனைந்துவிட்டது. பக்கத்திலிருந்த பெண்மணி காலை மெதுவாக இழுத்துக்கொண்டார். வகுப்பில் போய் மேசையில் வைக்கும்போது கலாஜினிக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

"பழுதாப் போச்சு சேர். தண்ணியெல்லாம் வழிஞ்சு போச்சு. நிரப்பித் தாறன், கொஞ்சம் பொறுங்க."

"இரிங்க அன்ரி," என்றாள் மேனுகா. அவள் கை ஏற்கெனவே உள்ளே இருந்தது. சுவருக்கும் சாட்டினுக்கும் இடையில் அவளுடைய விரல்கள் தாராளமாகப் போய்வந்தன. "சுவர் அப்பிடியே நிக்கிது. உள்பைதான் சுருங்கி விலகிக் கிடக்கு. இப்ப நிரப்புங்க."

கலாஜினி குடத்திலிருந்து ஊற்றினாள். மேனுகா கையை எடுக்கவில்லை. தண்ணீர் ஏற ஏற உள்பை விரிந்து, அவளுடைய விரல்களைச் சுவரோடு சேர்த்து நெரித்தது.

"சேர், கீரைப்பிடி வாடினா அம்மா தண்ணி தெளிச்சு வைப்பா. மறுகா நிமிந்திரும். அது இதுதானா?"

சுதாகரன் கிட்ட வந்து தானும் கையை உள்ளே விட்டுப் பார்த்தார். "இதேதான். தண்ணி உள்ள இருந்து சுவரைத் தள்ளிக்கொண்டிரிக்கும். அது குறைஞ்சா கீரை தொங்கிரும். நான் அடுத்த மாசம்தான் இதைப் படிப்பிக்க இரிந்தன்."

"அப்ப விலங்குக்கலத்துக்குள்ள தண்ணி கூடிப்போனா? அதுக்குத்தான் சுவர் இல்லயே," என்று பின்னாலிருந்து ஒருவர் கேட்டார்.

"வெடிச்சிரும்," என்றாள் கலாஜினி, தன்னையறியாமல். பஸ்ஸில் நனைந்தபடி இருந்தபோது அவள் அதைத்தான் யோசித்துக்கொண்டு வந்திருந்தாள். எல்லாரும் அவள் பக்கம் திரும்பினார்கள். சுதாகரன் ஓம் என்று தலையாட்டினார்.

அன்றிலிருந்து ஏழு பேரும் முறைவைத்துத் தண்ணீரை வடித்தும் ஊற்றியும் பார்த்ததில், வகுப்பறைத் தரை ஒரு வாரம் ஈரமாகவே கிடந்தது. கலாஜினி மூடியை மாற்றிக் கொடுத்தாள், மூட்டுகளை இரட்டைத் தையலாக்கினாள். விசயம் கேள்விப்பட்டு வேறு இரண்டு வகுப்புகளிலிருந்தும் கேட்டார்கள். அவர்களுக்கும் தைத்தாள். பரீட்சைக்கு மூன்று மாதம் இருக்கும்போது மேனுகா போன் எடுத்து, தாவரக்கலத்தைச் சொல்லில் வரைவது போல அரைமணி நேரம் ஒப்புவித்தாள். கலாஜினி ஒரு கையில் கத்தரிக்கோலோடு கேட்டுக்கொண்டிருந்து, ஒரே இடத்தில் மட்டும் திருத்தினாள்.

மேனுகா விஞ்ஞானத்தில் சித்தியடைந்தாள். சீ தரம், திறமைச் சித்தி. இப்போது அடுத்த படியான உயர்தரத்தில் என்ன பாடம் எடுப்பது என்று வீட்டில் பேச்சு நடக்கிறது.

கலாஜினியின் மேசையில் இப்போது அதே வகுப்புக்காகத் துணியில் பாதி வெட்டிய ஓர் இதயம் கிடக்கிறது. நான்கு அறைகளும் சரியாக வந்துவிட்டன. வால்வுகள்தான் கஷ்டம். ஒரு பக்கம் மட்டுமே திறக்க வேண்டும், மறுபக்கம் தள்ளினால் மூடிக்கொள்ள வேண்டும். ரெக்சின் துண்டு ஒன்றை மூன்று விதமாக மடித்துப் பார்த்துவிட்டாள். துசாந்தன் வரும்போது கொஞ்சம் தடித்த திரைச்சீலை கொண்டுவரச் சொல்லியிருக்கிறாள்.