மூன்றாவது ஆட்டம் எந்த ஊரில்

ஒரே ஒரு வரி எழுதிக் கையெழுத்துப் போடச் சொன்னார்கள். 'மைதானம் ஆடத் தகுதியில்லை.' அவ்வளவுதான். போட்டிருந்தால் தேனிப் பள்ளிக்கூடத்தில் என் டிரில் மாஸ்டர் வேலை நிரந்தரமாகியிருக்கும். நான் போடவில்லை. அந்தக் கதையைத்தான் இங்கே எழுதுகிறேன். நடுவில் கொஞ்சம் பெருமையடித்துக்கொள்வேன். முப்பது வருஷம் வெயிலில் நின்று விசில் ஊதியவனுக்கு அந்த உரிமை உண்டு.

இப்போது வேலைக்கு வந்திருக்கும் டிரில் மாஸ்டர்கள் விசில் ஊதுவதுதான் கஷ்டம் என்று நினைக்கிறார்கள். விசில் ஊதினால் பத்துப் பேர்தான் முறைப்பார்கள். ஆட்டம் எந்த ஊரில் என்று சொன்னால் ஒரு ஊரே முறைக்கும்.

1. முதலாளி போட்ட விதி

அப்போது யுத்த காலம். மெட்ராஸில் உடற்பயிற்சிப் படிப்பை முடித்துவிட்டு வந்த எனக்குத் தேனியில் ஒரு பள்ளியில் தற்காலிக வேலை கிடைத்தது. பள்ளிக் கமிட்டியின் தலைவர் பருத்தி ஜின்னிங் பாக்டரி வைத்திருந்தார். ஊருக்கே அவர் முதலாளி. அவருக்குப் பாஸ்கெட் பால் என்றால் பைத்தியம். பாக்டரி ஆட்களையும் மார்க்கெட் குமாஸ்தாக்களையும் சேர்த்து ஒரு டீம் வைத்திருந்தார். எல்லோரும் நல்ல உயரம். பந்து தரையைத் தொடாமலே கைக்குக் கை போய் ரிங்கில் விழும். முதலாளி என்னைத் 'தம்பி' என்று கூப்பிட்டால் மனசு குளிர்ந்திருக்கிறது என்று அர்த்தம். 'வாத்தியாரே' என்று கூப்பிட்டால் கொஞ்சம் தள்ளி நிற்க வேண்டும்.

அவர் முயற்சியில்தான் தேனி, உத்தமபாளையம், கம்பம், கெங்குவார்பட்டி ஆகிய நாலு ஊர் டீம்களுக்கும் ஒரு லீக் தொடங்கியது. நான் செயலாளர். ஒவ்வொரு டீமும் மற்ற மூன்றோடும் இரண்டு தடவை ஆட வேண்டும். ஒன்று தன் ஊரில், ஒன்று அவர்கள் ஊரில். முதல் இரண்டு இடம் பிடிப்பவர்கள் கப்புக்காக மூன்று ஆட்டம் ஆடுவார்கள். அதில் இரண்டு ஜெயித்தவர்களுக்குக் கப்.

இதுவரை யாருக்கும் தகராறில்லை. ஆனால் மூன்று ஆட்டத்தை இரண்டு ஊருக்குச் சமமாகப் பிரிக்க முடியாதே. எந்த ஊருக்கு இரண்டு, எந்த ஊருக்கு ஒன்று? கம்பத்துக்காரர் ஒருவர் பூவா தலையா போடலாம் என்றார். முதலாளி ஒத்துக்கொள்ளவில்லை.

"பூவா தலையா போடுறதுக்கு இதென்ன தாயக் கட்டமா? லீக்ல எவன் மேல நிக்கிறானோ, மொத ஆட்டமும் மூணாவது ஆட்டமும் அவன் ஊர்லதேன். ரெண்டாவது ஆட்டம் மத்தவன் ஊர்ல. பாடுபட்டு மேல வந்தவனுக்கு ஒரு மருவாதி வேணாமா?"

உத்தமபாளையம் டீமின் கேப்டன் காசிம் தலையாட்டினார். குடும்பத்து ரைஸ் மில்லைப் பார்த்துக்கொண்டிருந்தவர். என்னைவிட நாலைந்து வயசு மூத்தவர். "முதலாளி சொல்றது ஞாயம்தேன். எழுதிக்கங்க சார்" என்றார்.

எழுதினேன். மழைக்காக நானே ஒரு விதியையும் சேர்த்தேன். மைதானம் தகுதியில்லை என்று செயலாளர் எழுதிக்கொடுத்தால் ஆட்டம் எதிர் டீமின் ஊருக்குப் போகும். ஆட்ட நேரத்துக்கு அரை மணி முன்னால் அவர் பார்த்துச் சொல்வதே முடிவு. நாலு கேப்டன்களும் கையெழுத்துப் போட்டார்கள். கீழே தலைவர் என்று முதலாளி பெரிதாகப் போட்டார். தேனிதான் முதலிடம் வரும் என்பதில் அவருக்குச் சந்தேகமே இல்லை.

2. களம் கோவித்துக்கொண்டது

கெங்குவார்பட்டி டீம் முழுக்க வயலில் பாடுபடும் சம்சாரிகள். நெல்லடிக்கும் களத்தில்தான் இரண்டு கம்பம் நட்டுப் போர்டு மாட்டியிருந்தார்கள். சாணி போட்டு மெழுகி மெழுகி அந்தத் தரை வழவழவென்று கிடக்கும். அவர்கள் வெறுங்காலோடு ஆடுவார்கள். தேனிக்காரர்களோ முதலாளி மதுரையிலிருந்து வரவழைத்துக் கொடுத்த கான்வாஸ் ஷூவோடு வந்து இறங்கினார்கள்.

முதல் ஐந்து நிமிஷத்திலேயே மூன்று பேர் வழுக்கி உட்கார்ந்துவிட்டார்கள். ஓடுவார்கள், நிற்க நினைப்பார்கள், ஷூ நிற்காது. வேடிக்கை பார்த்த ஒருவர், "சப்பாத்தக் கழத்திட்டு ஆடுங்க மாமா, களம் கோவிச்சுக்கிருச்சுல்ல" என்றார். கழற்றியிருந்தால் ஜெயித்திருப்பார்கள். முதலாளி வாங்கிக் கொடுத்ததை அவர் முன்னாலேயே கழற்ற யாருக்கும் துணிச்சல் இல்லை. நாலு பாயின்ட்டில் தோற்றார்கள்.

அந்த ஒரு தோல்விதான் எல்லாவற்றையும் மாற்றியது. தேனியும் உத்தமபாளையமும் ஒருவரையொருவர் அவரவர் ஊரில் வென்றிருந்தார்கள். உத்தமபாளையம் வேறு யாரிடமும் தோற்கவில்லை. ஆறு ஆட்டத்தில் அவர்களுக்கு ஐந்து வெற்றி, தேனிக்கு நாலு.

சொந்த மைதானத்தில் என்ன லாபம் என்று கேட்கிறவர்களுக்கு நான் இந்தக் களத்தைத்தான் சொல்வேன். கைதட்டல் இரண்டாம் பட்சம். எந்த இடத்தில் பந்து எழும்பும், எந்த இடத்தில் படுக்கும் என்று கால் தெரிந்துவைத்திருக்கும். எங்கள் பள்ளத்தாக்கில் ஆனி பிறந்துவிட்டால் குமுளிப் பக்கமிருந்து காற்று இறங்கும். அது ரிங்குக்கு எந்தப் பக்கம் திரும்பும் என்று உள்ளூர்க்காரனுக்குத்தான் தெரியும். இதெல்லாம் சும்மா கிடைத்த வரமில்லை. வருஷம் முழுக்க அங்கே ஓடி விழுந்து சம்பாதித்தது. உத்தமபாளையத்து மைதானம் இறுகிய செம்மண். பந்தைத் தலைக்கு மேலிருந்து விட்டால் மார்பு வரை எழும்பும். அதனால் அவர்கள் ஆட்டமே பந்தைத் தட்டிக்கொண்டு ஓடுகிற ஆட்டமாக இருந்தது.

3. ஒன்பது மணிக்குச் சேறு

கப்புக்கான முதல் ஆட்டம் விதிப்படி உத்தமபாளையத்தில் நடந்தது, அவர்கள் ஜெயித்தார்கள். இரண்டாவது ஆட்டம் தேனியில், தேனி ஜெயித்தது. மூன்றாவது ஆட்டம் மறுபடி உத்தமபாளையத்தில், சாயங்காலம் நாலு மணிக்கு என்று எல்லோருக்கும் கார்டு போட்டிருந்தேன்.

அன்று காலையில் முதலாளியின் கார் என் அறை வாசலில் வந்து நின்றது.

"ஏறுங்க தம்பி. உத்தமபாளையத்துல ராவெல்லாம் சாரலாம். போயி மைதானத்தப் பாத்துட்டு வந்துருவோம்."

கார் வீரபாண்டியைத் தாண்டியது. பிறகு என் வேலையைப் பற்றிப் பேச்செடுத்தார். அடுத்த வாரம் கமிட்டி கூடுகிறது, நிரந்தரம் பண்ண வேண்டிய பேப்பரில் அவர் கையெழுத்துத்தான் பாக்கி என்றார். எனக்குப் புரிந்துவிட்டது. ஊரில் என் சம்பளத்தை நம்பி அம்மாவும் இரண்டு தங்கைகளும் இருந்தார்கள்.

ஒன்பது மணிக்குப் போய் இறங்கினோம். மைதானம் நிஜமாகவே சேறாகத்தான் கிடந்தது. நடுவில் இரண்டு இடத்தில் தண்ணீர் நின்றது. பந்தைப் போட்டுப் பார்த்தேன். சொத்தென்று விழுந்து அப்படியே கிடந்தது.

முதலாளி பேனாவை எடுத்து நீட்டினார். "நான் பொய் எழுதச் சொல்லல தம்பி. கண்ணுக்கு முன்னால சேறு கெடக்கு. தகுதியில்லன்னு ஒரு வரி. நான் போயி நம்ம ஆளுகள நிப்பாட்டிட்டு, ஞாயித்துக்கிழம தேனியில வச்சிக்கிறேன்."

அவர் சொன்னது உண்மை. அதுதான் எனக்குச் சங்கடம். பொய் எழுதச் சொல்லியிருந்தால் முடியாது என்று சுலபமாகச் சொல்லியிருப்பேன்.

காசிம் கொஞ்சம் தள்ளி, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நின்றிருந்தார். என்னிடம் கெஞ்சவில்லை. ஒன்றுதான் கேட்டார்: "சார், ஆட்டம் எத்தன மணிக்கு?"

"நாலு மணிக்கு."

"நீங்க எப்பப் பாக்கணும்?"

"மூன்றரைக்கு."

"அப்ப இப்ப எதுக்குப் பாக்குறீக?"

பேனாவை முதலாளியிடமே திருப்பிக் கொடுத்தேன். விதியில் மூன்றரை என்றுதான் இருக்கிறது, அப்போது சேறாக இருந்தால் கேட்காமலே எழுதித் தருகிறேன் என்றேன்.

"வாத்தியாரே," என்றார் முதலாளி, "நல்லா ரோசன பண்ணிக்கங்க." காரில் ஏறிக் கதவைச் சாத்திக்கொண்டார்.

4. மூன்றரை மணிக்குத் தரை

அதற்குப் பிறகு நான் பார்த்ததை வேறு எந்த மைதானத்திலும் பார்த்ததில்லை. காசிமின் மில்லிலிருந்து காலிச் சாக்குகளைக் கொண்டுவந்து சேற்றின் மேல் விரித்தார்கள். தண்ணீர் ஏறிய சாக்கை இரண்டு பேர் பிடித்து முறுக்கிப் பிழிந்து மறுபடி விரித்தார்கள். ஆட்டக்காரர்கள், மில் ஆட்கள், கடைத்தெருக்காரர்கள் என்று ஐம்பது பேருக்குக் குறையாது. பிறகு வண்டி வண்டியாக உமிச் சாம்பல் வந்தது. அதன் மேல் ஆற்று மணல். கடைசியில் கல் உருளையைக் கயிறு கட்டி ஆட்களே இழுத்தார்கள். வெள்ளிக்கிழமை என்பதால் தொழுகைக்குப் போனவர்கள் திரும்பி வரும்வரை மற்றவர்கள் உருளையை விடாமல் இழுத்தார்கள்.

நான் ஒரு கை மணல்கூட அள்ளிப் போடவில்லை. சோறு கொடுத்தார்கள், வேண்டாம் என்றேன். பசியோடுதான் நின்றேன்.

மூன்று மணிக்கு முதலாளி திரும்பி வந்தார். பின்னாலேயே தேனி டீமும் வந்து இறங்கியது. மூன்றரைக்கு நான் பந்தை எடுத்தேன். பந்து இடுப்பு வரை எழும்பினால் தேறும் என்பது நான் படித்த சோதனை. நாலு மூலையிலும் நடுவிலும் தலைக்கு மேலிருந்து விட்டேன். ஐந்து இடத்திலும் இடுப்புக்கு வந்தது. அதற்கு மேல் ஒரு விரல்கூட வரவில்லை. 'தகுதியுள்ளது' என்று எழுதி, நேரத்தையும் போட்டு, முதலாளியிடமே கொடுத்தேன். படித்தார். மடித்துப் பையில் வைத்துக்கொண்டார்.

ஆட்டம் தொடங்கி இரண்டு நிமிஷத்தில் எனக்கு விஷயம் தெரிந்துவிட்டது. உத்தமபாளையத்துக்காரர்கள் வழக்கம்போலப் பந்தைத் தட்டிக்கொண்டு ஓடினார்கள். மார்புக்கு வரும் என்று கை காத்திருக்கிறது. பந்தோ இடுப்போடு நின்றுவிடுகிறது. சாம்பலும் மணலும் சேர்ந்து அவர்கள் தரையை அவர்களுக்கே புதுசாக்கிவிட்டன. தேனிக்காரர்கள் பந்தைத் தரையிலேயே போடாதவர்கள். அவர்களுக்கு எந்தத் தரையும் ஒன்றுதான். ஒரே ஒரு பாயின்ட்டில் தேனி ஜெயித்தது. நடுவராக நின்று கடைசி விசிலை ஊதியவனும் நான்தான்.

தோற்ற காசிம் வந்து கை கொடுத்தார். "மண்ணு எங்க மண்ணுதேன் சார். தரைதேன் எங்க தரையா இல்லாமப் போச்சு" என்றார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

தேனி டீம் கப்பைத் தூக்கிக்கொண்டு கொட்டு முழக்கத்தோடு போனது. காரில் எனக்கு இடமில்லை. யுத்தத்தில் பெட்ரோல் இல்லாமல் அடுப்புக்கரியில் ஓடிய கரி பஸ்ஸைப் பிடித்து, சின்னமனூர்ப் பக்கம் மேட்டில் இறங்கி அதைத் தள்ளி, வீடு வந்து சேர்ந்தேன்.

கப் கிடைத்துவிட்டதே, முதலாளி மனம் ஆறியிருப்பார் என்றுதான் நம்பினேன். கமிட்டி கூடிய அன்று கூப்பிட்டு அனுப்பினார்.

"கப்பு ஆட்டக்காரவுக கொண்டாந்தது. நீரு என் பேச்சக் கேக்கல. அது வேற, இது வேற." பேப்பரில் கையெழுத்துப் போடவில்லை. மாசக் கடைசியோடு வேலை போயிற்று.

5. அடுத்த வருஷத்துக் கார்டு

பதினைந்து நாள் கழித்துக் காசிம் என்னைத் தேடி வந்தார். அவருடைய மாமா உத்தமபாளையத்தில் ஒரு பள்ளியை நடத்திவந்தார்.

"எங்க ஸ்கூலுக்கு டிரில் மாஸ்டர் வேணும். நீங்க வந்தா மாமா சந்தோசப்படுவாக."

"நான் எழுதிக் கொடுத்ததால்தானே அந்தத் தரையில் ஆடித் தோற்றீர்கள்?" என்றேன். மனசில் இருந்ததைக் கேட்டுவிடுவது நல்லதில்லையா.

"தோத்தது நாங்க சார். சாக்கு விரிச்சதும் சாம்பலக் கொட்டுனதும் நாங்க. எங்க ஊர்ல ஆடுற உரிம எங்களுதுன்னு நின்னது நீங்க. ரெண்டையும் எதுக்குப் போட்டுக் கொழப்புறீக?"

ஜெயித்த ஊர் அனுப்பிவிட்டது, தோற்ற ஊர் கூப்பிட்டுக்கொண்டது. ஓய்வு பெறும் வரை அந்தப் பள்ளியில்தான் இருந்தேன். தங்கைகள் கல்யாணமும் அந்தச் சம்பளத்தில்தான் நடந்தது.

லீக் செயலாளர் பொறுப்பை மட்டும் நாலு ஊர்க்காரர்களும் என்னிடமே விட்டுவைத்தார்கள். முதலாளியும் மறுக்கவில்லை. அடுத்த வருஷம் கெங்குவார்பட்டிக்குத் தேனிக்காரர்கள் ஷூ இல்லாமல் போனார்கள். அந்த வருஷ லீக்கில் தேனி முதலிடம். என் ஊராகிவிட்ட உத்தமபாளையம் ஒரு வெற்றி குறைந்து இரண்டாமிடம். பள்ளிக்கூடத்தில் ஒரு ஆசிரியர் என் காதோடு, "சார், கார்டு எழுதுறது நீங்கதான, பாத்து எழுதுங்க" என்றார். பார்த்துத்தான் எழுதினேன். முதல் ஆட்டமும் மூன்றாவது ஆட்டமும் தேனியில்.

முதல் ஆட்டத்தன்று நான் தேனி மைதானத்துக்குள் நுழைந்தபோது முதலாளி நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். என்னைக் கண்டதும் எழுந்து நின்றார். சுற்றியிருந்த கமிட்டிக்காரர்களும் என்னவோ ஏதோ என்று எழுந்தார்கள்.

"வாங்க தம்பி" என்றார்.

விதியைக் காலையில் எழுதிவிடலாம், அது யாருக்கும் கஷ்டமில்லை. சாயங்காலம் நம் ஆளுக்கு எதிராக அது திரும்பும்போது அழிக்காமல் இருப்பதுதான் இந்த வேலை. வேறு பாடம் எதுவும் எனக்குத் தெரியாது.

அந்த வருஷம் கப் யாருக்கு என்று கேட்பீர்கள். அதை ஆடியவர்களிடம் கேளுங்கள். எங்கே ஆடினார்கள் என்பது மட்டும்தான் என் பொறுப்பு. அதில் ஒருநாளும் நான் தவறவில்லை.