கமராவுக்குப் பின்னால் நின்ற சிரிப்பு

செல்வநாயகி அன்று கணவரிடம் கேட்டது ஒன்றே ஒன்றுதான். மேடைக்குக் கூப்பிடும்வரை அவர் கதிரையை விட்டு எழும்பக் கூடாது.

“இஞ்சருங்கோ, நான் சொல்லுறது விளங்குதே? ஆர் வந்து மைக்கை நீட்டினாலும் வாங்கக் கூடாது. தொண்டை கட்டிப்போச்செண்டு சொல்லுங்கோ.”

“ஓமப்பா, ஓம்.”

“உங்கட ஓம் எனக்குத் தெரியும். கோட்டுப் பொக்கற்றிலை என்ன புடைச்சுக்கொண்டு நிக்குது? டொபியோ? எடுத்து வெளியாலை வையுங்கோ!”

குலசிங்கம் ஒரு பிடி டொபி மிட்டாயை எடுத்து மேசையில் வைத்தார். மற்றப் பையிலும் டொபி இருந்ததை அவர் சொல்லவில்லை. நியூசிலாந்தில், ஒக்லாந்து நகரின் ரானுயிப் பகுதியில் இருந்த அவர்கள் வீட்டு வாசலில் மகள் அபிதா காரை ஸ்டார்ட் செய்துவிட்டு ஹார்ன் அடித்துக்கொண்டிருந்தாள்.

ஹென்டர்சனில் உள்ள மண்டபத்தில் அன்று தமிழ்ச் சங்கத்தின் ஆண்டு விழா. அதில் குலசிங்கத்துக்குப் பொன்னாடை போர்த்துவதாக ஏற்பாடு. ‘பிரித்தானியத் தொலைக்காட்சிக் கலைஞர்’ என்று அழைப்பிதழில் அச்சிட்டிருந்தார்கள். அந்தச் சொற்களை அச்சில் பார்ப்பதற்காகச் செல்வநாயகி எத்தனை வருடம் நெஞ்சுக்குள் பொருமியிருக்கிறாள்! சங்கச் செயலாளர் ரவிசங்கரை மளிகைக் கடையில் கண்டாலும் விடவில்லை, கோயிலில் கண்டாலும் விடவில்லை. கடைசியில் அந்தச் சென்னைப் பிள்ளை, “ஆன்ட்டி, இந்த வருஷம் அங்கிளுக்குத்தான், போதுமா?” என்று கையெடுத்துக் கும்பிட்டுவிட்டான்.

ஏன் இந்தப் பிடிவாதம் என்று கேட்டால், லண்டனிலிருந்து தொடங்க வேண்டும்.

கணக்கியல் படிக்க லண்டன் போன இளைஞன் குலசிங்கம், செலவுக்காக ஒரு தொலைக்காட்சி ஸ்டூடியோவில் பகுதிநேர வேலைக்குச் சேர்ந்தான். பார்வையாளர்களை இருக்கைகளில் அமர்த்துகிற வேலை. ஒரு மழை நாளில், படப்பிடிப்புக்கு முன்னால் அவர்களைச் சிரிக்க வைக்க வேண்டிய பகிடிக்காரர் வந்து சேரவில்லை. நனைந்த கோட்டுகளோடு சனம் விறைத்துப்போய் உட்கார்ந்திருந்தது. குலசிங்கத்துக்கு அதைப் பார்க்கப் பொறுக்கவில்லை. முன்னால் போய் நின்று, தன் குடையை யார் எடுத்தது என்று ஒவ்வொருவராக விசாரிக்கத் தொடங்கினான். குடை அவன் கையிலேயே இருந்தது. சனம் சிரித்தது. அடுத்த கிழமையும் அவனையே கூப்பிட்டார்கள். கணக்கியல் அத்தோடு முடிந்தது.

நகைச்சுவைத் தொடர்களைப் பார்வையாளர்களுக்கு முன்னால் படம்பிடித்த காலம் அது. தொடங்குமுன் அவர்களைச் சூடாக்க வேண்டும். நடுவில் நடிகரின் மீசை கழன்று விழுந்தால், அதை ஒட்டி முடிக்கும்வரை டொபிகளை வீசி, பகிடி விட்டு, ஆறிப்போகாமல் வைத்திருக்க வேண்டும். படப்பிடிப்புத் தள நிர்வாகி கையை உயர்த்தி விரல்களை மடக்கி எண்ணத் தொடங்கினால், பாதிப் பகிடியை அப்படியே போட்டுவிட்டுக் கமராவுக்குப் பின்னால் மறைந்து, அங்கிருந்து எல்லோருக்கும் முதலில் சிரித்துக்கொடுக்க வேண்டும். இதுதான் குலசிங்கத்தின் தொழில். இதற்குத்தான் யாழ்ப்பாணத்தில் செல்வநாயகியின் தகப்பனார், “மாப்பிள்ளை ரீவியிலை” என்று ஊரெல்லாம் சொல்லிப் பெண் கொடுத்தார்!

அவள் மணப்பெண்ணாக லண்டன் வந்து இறங்கிய முதல் வெள்ளிக்கிழமையே, அங்கே முன்பே குடியேறியிருந்த அவளுடைய அண்ணன் திருநாவுக்கரசு குடும்பத்தோடு வந்துவிட்டார், மைத்துனரை ரீவியில் பார்ப்பதற்கு. செல்வநாயகி பட்டுச்சேலை உடுத்து வடை சுட்டாள். நிகழ்ச்சி தொடங்கியது, முடிந்தது. குலசிங்கத்தின் நிழல்கூட விழவில்லை. கடைசியில் ஓடிய பெயர்களிலும் அவர் பெயர் இல்லை. ஒவ்வொரு பகிடிக்கும் எல்லோருக்கும் முன்பாக ஒரு சிரிப்பு மட்டும் கேட்டது. கேத்தல் கொதித்து விசிலடிப்பதுபோல் எழும்பி, விக்கலில் போய் முடிகிற சிரிப்பு.

“ஆர் உந்த விசரன், எல்லாருக்கும் முதல் சிரிக்கிறான்?” என்று கேட்டார் திருநாவுக்கரசு.

“அது இவர்தான் அண்ணை. இவரின்ரை சிரிப்பெண்டு இவர்தான் சொன்னவர்.”

“சிரிப்புக்கு முகமிருக்கே தங்கச்சி? ஆளைக் காட்டு பாப்பம்.”

அறையே சிரித்தது. குலசிங்கமும் சேர்ந்து சிரித்தார். ஆனால் வீட்டில் அவர் சிரிப்பது ஓசையில்லாத புன்னகை மட்டும்தான். அந்தக் கேத்தல் சிரிப்பு தொழிலுக்கு மட்டும் உரியது. அன்றிரவு அந்தப் புதுப்பெண் தலையணையை நனைத்தது யாருக்குத் தெரியும்?

அதற்குப் பிறகு எந்தக் கலியாண வீட்டில் கண்டாலும் திருநாவுக்கரசுக்கு ஒரே கேள்விதான். “என்ன மச்சான், இண்டைக்குக் கமராவுக்கு முன்னாலையோ பின்னாலையோ?” ஒருநாளாவது ஒரு தேத்தண்ணித் தட்டைத் தூக்கிக்கொண்டு திரையில் நடந்துவிட்டுப் போங்கள் என்று செல்வநாயகி கணவரைக் கெஞ்சினாள். “நான் முன்னாலை போனா, பின்னாலை ஆரப்பா நிக்கிறது?” என்றார் அவர். இப்படி ஒரு மனிதரோடு எப்படிச் சண்டை பிடிப்பது?

ஸ்டூடியோக்களில் பார்வையாளர் குறைந்தார்கள். தாதியாக வேலை கிடைத்து நியூசிலாந்து வந்த அபிதாவின் பின்னால் பெற்றோரும் வந்தார்கள். குலசிங்கம் விரி என்ற புறநகரில் ஒரு களஞ்சியத்தில் பெட்டி அடுக்கினார். விடிகாலையில் நடக்கும் பாதுகாப்புக் கூட்டத்தில் தூங்கி வழிந்தவர்களைச் சிரிக்க வைத்துவிட்டு, மேலாளர் பேசத் தொடங்கியதும் பெட்டிகளுக்குப் பின்னால் போய்விடுவார். சங்க விழாக்கள் நேரத்துக்குத் தொடங்காது என்பது ஒக்லாந்தில் எல்லோருக்கும் தெரியும். அந்த இடைவெளியெல்லாம் குலசிங்கத்துடையது. விருந்தினர் வந்து விளக்கேற்றும்போது ஆளைக் காண முடியாது. எந்தப் புகைப்படத்திலும் அவர் இல்லை.

இன்று அதற்கெல்லாம் முடிவு. லண்டனிலிருந்து வந்திருந்த திருநாவுக்கரசு முதல் வரிசையில், தங்கைக்குப் பக்கத்தில், கோட்டும் சூட்டுமாக உட்கார்ந்திருந்தார். அவர் கண் முன்னாலேயே நடக்கப்போகிறது!

பிரதம விருந்தினரை மட்டும் காணவில்லை. ஆடை அலங்காரத்தோடு நின்ற நடனக் குழந்தைகள் அழத் தொடங்கினார்கள். பின்வரிசைக்காரர்கள் எழும்பிக் கார் நிறுத்துமிடத்துக்கு நடந்தார்கள். ரவிசங்கர் வியர்த்துக்கொண்டு ஓடிவந்தான்.

“அங்கிள், கெஸ்ட் மோட்டர்வேல மாட்டிக்கிட்டார். ஒரு பத்து நிமிஷம் ஏதாச்சும் பேசுங்களேன், ப்ளீஸ்!”

“அவருக்குத் தொண்டை சரியில்லைத் தம்பி,” என்றாள் செல்வநாயகி.

குலசிங்கம் வெளியேறுகிற சனத்தைத் திரும்பிப் பார்த்தார். கை தானாக மற்றப் பையைத் தடவியது.

“வேண்டாமப்பா. சத்தியமாச் சொல்லுறன், வேண்டாம்!”

“சனம் ஆறிப்போகுது செல்வம். இப்ப வந்திடுறன்.”

போய்விட்டார். வாசலில் நின்றவர்கள் உள்ளே திரும்பி வந்தார்கள். டொபிகள் பறந்தன. அழுத குழந்தைகள் சிரித்தன. திருநாவுக்கரசுகூட வயிற்றைப் பிடித்துக்கொண்டார். அப்போது மண்டப வாசலில் விருந்தினர் வந்துவிட்டார் என்பதைத் தெரிவிக்க ரவிசங்கர் கையை உயர்த்தினான்.

உயர்ந்த கையைக் கண்டதுதான் தாமதம். குலசிங்கம் பாதிப் பகிடியோடு மைக்கைத் தாங்கியில் வைத்தார். திரைக்குப் பின்னால் நழுவினார்.

விருந்தினருக்கு வேறோர் இடத்துக்கும் போகவேண்டியிருந்தது. விளக்கேற்றிய கையோடு பொன்னாடையை முதலில் போர்த்திவிடுவோம் என்று முடிவாயிற்று. “பிரித்தானியத் தொலைக்காட்சிக் கலைஞர் திரு. குலசிங்கம் அவர்களை மேடைக்கு அழைக்கிறோம்!” என்று ரவிசங்கர் அறிவித்தான். கைதட்டல் எழுந்து, ஓய்ந்தது. மறுபடி அழைத்தான். விருந்தினர் விரித்த பொன்னாடையோடு நின்றார். அபிதா எழும்பி வெளியே ஓடினாள், தகப்பனைத் தேடி.

“பாத்தியே தங்கச்சி,” என்றார் திருநாவுக்கரசு மெல்ல. “இண்டைக்கும் ஆளைக் காணேல்லை.”

இத்தனை வருடத்து ஆத்திரமும் செல்வநாயகியின் தலைக்கு ஏறியது. சேலைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு மேடையேறினாள். மைக்கைப் பிடுங்கினாள்.

“எல்லாருக்கும் வணக்கம். நான் அவரின்ரை மனிசி. அவர் எங்கையெண்டு எனக்குத் தெரியாது. கலியாணம் கட்டின நாளிலையிருந்து தெரியாது.”

மண்டபம் சிரித்தது.

“சிரிக்காதேங்கோ! நான் பகிடி விடேல்லை. ஊர்ச் சனத்தையெல்லாம் சிரிக்க வைக்கிற மனிசன், வீட்டிலை கறிக்கு உப்புக் காணாதெண்டு சொல்லவும் வாய் திறக்க மாட்டார். எழும்பிப் போய் உப்புப் போத்திலைத் தூக்கிக்கொண்டு வருவார்.”

இன்னும் பலமாகச் சிரித்தார்கள். அவளுக்குக் கோபம் முற்றியது.

“எங்கட மகளின்ரை கலியாணத்திலை ஐயர் வரப் பிந்திப்போச்சு. இவர் சனத்தைச் சிரிக்க வைச்சார். சரி. தாலி கட்டேக்கை பொம்பிளையின்ரை தேப்பனைக் காணேல்லை. பாத்தா, வெளியாலை நிண்டு தேத்தண்ணி குடிக்கிறார். ஏன் நிக்கிறியளெண்டு கேட்டா, ‘அதுதான் தொடங்கீட்டுதே, இனி எனக்கென்ன வேலை’ எண்டு கேக்கிறார்!”

மற்றவர்கள் சிரிக்குமுன், மண்டபத்தின் பின்பக்கம், சமையலறைக் கதவடியில், கேத்தல் ஒன்று விசிலடித்தது. எழும்பி, நீண்டு, விக்கலில் போய் முடிந்தது. அதற்குப் பிறகுதான் மண்டபம் வெடித்தது.

திருநாவுக்கரசு துள்ளி எழும்பினார். கோட்டுப் பொத்தானைப் போட மறந்து பின்னால் திரும்பிப் பார்த்தார். சமையலறைக் கதவில், ஒரு கையில் தேநீர்க் கோப்பையோடும் மறு கையில் பிஸ்கட்டோடும், கண்ணீர் வரச் சிரித்துக்கொண்டு நின்றார் குலசிங்கம். சட்டையைப் பிடிக்காத குறையாக அபிதா அவரை இழுத்துக்கொண்டிருந்தாள்.

“தங்கச்சி!” திருநாவுக்கரசின் குரல் உடைந்தது. “உதுதான்! வெள்ளிக்கிழமையளிலை ரீவியிலை கேட்ட சிரிப்பு! எங்கட வீட்டிலை நாங்கள் எல்லாரும் உதுக்குப் பின்னாலைதானே சிரிச்சனாங்கள்!”

மேடையில் செல்வநாயகி வாயைப் பொத்திக்கொண்டாள். நாற்பது வருடமாகத் தேக்கிய அழுகை, மைக் வழியாக எல்லோர் காதிலும் விழுந்தது.

திருநாவுக்கரசே போய் மைத்துனரின் கோப்பையை வாங்கி யாரிடமோ கொடுத்தார். “வாங்கோ மச்சான். முன்னாலை வாங்கோ,” என்று கையைப் பிடித்துக் கூட்டிவந்தார். சனத்தை அமைதிப்படுத்த ரவிசங்கர் மறுபடி கையைத் தூக்கினான்.

“தம்பி, கையை இறக்கு!” என்று செல்வநாயகி அலறினாள். “அதைக் கண்டா திருப்பியும் ஓடீடுவார்!”

தோளில் பொன்னாடை விழுந்தது. வெளிச்சத்துக்குக் கீழே குலசிங்கம் நின்றார். சனம் எழும்பி நின்று கைதட்டியது. அவர் திறந்த வாய் திறந்தபடி நின்றார்.

“இப்ப ஏன் மரம் மாதிரி நிக்கிறியள்?” செல்வநாயகி பல்லைக் கடித்தாள். “ஏதாவது கதையுங்கோவன்!”

அவர் கோட்டுப் பைக்குள் கையை விட்டுத் துழாவி, மிஞ்சியிருந்த ஒரு டொபியை எடுத்து அவளிடம் நீட்டினார்.

அவள் அதை வாங்கவில்லை. முதலில், கோணலாகக் கிடந்த பொன்னாடையை இழுத்து நேராக்கினாள்.