இறக்கு என்றால் ஏற்று

மரக்கிடங்கில் அவரைப் பெயர் சொல்லி அழைத்தவர் யாருமில்லை. மைக்செட் என்றால்தான் தெரியும். கிரேன் தூக்கும் மரத்தடிகளைப் பார்த்தபடி கீழே நின்று, எப்போது ஏற்றுவது, எப்போது இறக்குவது என்று மேலே கூண்டில் இருக்கும் ஓட்டுநருக்குக் குரல் கொடுப்பது அவர் வேலை. எல்லோருக்கும் வாக்கிடாக்கி கொடுத்தபோது அவருக்கும் ஒன்று கொடுத்தார்கள். அதை இடுப்பில் செருகிக்கொண்டு வாயாலேயே கத்தினார். வாயிலில் வண்டிப் பதிவு எழுதிக்கொண்டிருந்த எனக்கு, உள்ளே லாரி நிரம்பிவிட்டதா என்பது எட்டிப் பார்க்காமலே தெரிந்துவிடும்.

ஒரு மழைநாள் காலையில், பல் துலக்கிக்கொண்டிருந்தவர் அப்படியே சரிந்தார். மூளைக்குப் போகும் ரத்தக்குழாயில் அடைப்பு. மயங்கி விழுந்தார் என்று கிடங்கில் பேசிக்கொண்டார்கள். அது சரியல்ல. நினைவோடுதான் இருந்தார். வலது கை மெல்ல மெல்லப் பழைய நிலைக்கு வந்தது. பேச்சும் வந்தது, ஆனால் தலைகீழாக வந்தது. ஜன்னலைத் திற என்பார். திறந்தால் கோபப்படுவார். பல் கிடுகிடுக்க, தண்ணீர் சுடுகிறது என்பார்.

பேச்சுப் பயிற்சிக்கு வந்த பெண் இந்தக் கோளாறை விளக்கியபோது அவர் மனைவி தலையாட்டிக் கேட்டுக்கொண்டார்.

"நேர்மாறா பேசுற மனுஷனோட இத்தனை வருஷமா குடித்தனம் பண்றேன். உங்களுக்கெல்லாம் இப்பத்தான் தெரிஞ்சிருக்கு" என்றார்.

விழுந்த பிறகு மைக்செட் முதன்முதலாகச் சிரித்தது அப்போதுதான்.

மைக்செட்டின் மனைவி நூலகத்தில் குழந்தைகள் பிரிவில் வேலை பார்த்தார். கிழிந்த புத்தகங்களை ஒட்டிச் சரிசெய்வது அவர் வேலைகளில் ஒன்று. எதிர்ப்பதப் புத்தகங்கள்தான் சீக்கிரம் கிழியும் என்பார். பகலைப் பார்த்த குழந்தைக்கு அடுத்த நொடியே இரவைப் பார்த்தாக வேண்டும். காகித மடிப்பைப் பிடித்து இழுத்துவிடும். அப்படிக் கிழிந்து வந்தவற்றை ஒட்டி, நூலகரிடம் அனுமதி வாங்கி, வீட்டுக்குக் கொண்டுவந்தார்.

ஒன்றில் பக்கத்துக்கு ஒரு மடிப்பு. மூடிய கதவைத் தூக்கினால் அடியில் திறந்த கதவு, உள்ளே ஒரு நாய். இன்னொன்றில் எழுத்தே கிடையாது. நிறைந்த கோப்பையில் தொடங்கி, பக்கம் பக்கமாகக் குறைந்து, காலிக் கோப்பையில் முடியும். மூன்றாவதில் எறும்புக்குப் பக்கத்தில் யானை பெரியது. தாளைப் புரட்டினால் மலைக்குப் பக்கத்தில் அதே யானை சிறியது. அதைப் பார்த்ததும் மைக்செட் மேசையைத் தட்டினார்.

"பொய்!"

"அப்பா உண்மைங்கிறார்" என்றாள் மகள்.

"இல்லடி, நிஜமாவே பொய்ங்கிறார். அவர் மூஞ்சியைப் பாரு."

இப்படி மகளோடு வாதாடிக்கொண்டிருந்தபோதுதான் மனைவி ஒன்றைக் கவனித்தார். மேலே பறக்கும் பட்டத்தைக் காட்டினால் அவர் கீழே என்றார். ஒருமுறைகூடச் சம்பந்தமில்லாமல் ஈரம் என்றோ தூரம் என்றோ சொல்லவில்லை.

"சரியான சொல் இருக்கிற வீட்டுக்குத்தான் போறீங்க. பின்வாசல் வழியா நுழையுறீங்க, அவ்வளவுதான். தெரியாத ஆளுக்கு இவ்வளவு கரெக்டா தப்பு வராதுங்க" என்றார். "முதல்ல வர்ற சொல்லைத் துரத்தாதீங்க. மனசுக்குள்ள சொல்லிட்டு மடிப்பைத் தூக்குங்க. அடியில இருக்கிறதை வெளியில சொல்லுங்க."

அன்று முதல் அவர் பேசுமுன் தொடைமேல் கையைக் கவிழ்த்து வைத்து, பிறகு உள்ளங்கை தெரியத் திருப்புவார். அதுதான் மடிப்பு. சில நாள் சரியாக வரும், சில நாள் வராது. வீட்டார் அதற்குள் தலைகீழ்ப் பேச்சுக்கே பழகியிருந்தார்கள். அவர் வேண்டாம் என்றால் மகள் இன்னொரு கரண்டி வைப்பாள். மாலையில் பார்க்க வரும் கிரேன் ஓட்டுநர், "கிளம்பட்டுமாண்ணே?" என்பார். "கிளம்பு" என்று பதில் வந்தால் செருப்பைக் கழற்றிவிட்டு மறுபடி உட்கார்ந்து, "அண்ணி, இன்னொரு டீ" என்பார்.

கிடங்கு மேற்பார்வையாளர் அந்த மாத முடிவுவரைதான் இடத்தைக் காலியாக வைத்திருப்பதாகச் சொல்லியிருந்தார். அவரைக் குறை சொல்ல முடியாது. ஒரு சொல் மாறினால் கீழே நிற்பவன் போய்விடுவான். காலிக் கொக்கியை வைத்துச் சோதித்துப் பார்ப்பது, தேறாவிட்டால் வேறு ஆள் என்று முடிவாயிற்று.

சோதனையன்று நானும் போயிருந்தேன். மனைவி நூலகப் பையோடு தடுப்புக் கயிற்றுக்கு வெளியே நின்றார். கூண்டுக்குக் கேட்காத குரலில், கொக்கியை ஏற்றச் சொல்லும்படி மேற்பார்வையாளர் மைக்செட்டிடம் சொன்னார்; எங்கள் காதில் விழுந்தது. மைக்செட் தொடைமேல் கையைத் திருப்பினார்.

"ஏத்து!"

பழைய குரல். கொக்கி விறுவிறுவென்று இறங்கியது.

அவர் முகம் வெளுத்தது. அடுத்து மேற்பார்வையாளர் இறக்கச் சொல்ல, மறுபடி கையைத் திருப்பி, "இறக்கு!" என்றார். கொக்கி மேலே போனது.

தன் வாய்தான் மறுபடி ஏமாற்றிவிட்டது என்று அவர் நினைத்துவிட்டார். யாரையும் பார்க்காமல் வாயிலை நோக்கி நடக்கத் தொடங்கினார். மனைவி கயிற்றைத் தாண்டி ஓடி வழிமறித்தார்.

"எங்க போறீங்க? சரியாத்தானே சொன்னீங்க!"

"நானும் கேட்டேன்மா, சரியாத்தான் சொன்னார்" என்ற மேற்பார்வையாளர், கூண்டை அண்ணாந்து பார்த்தார். "யோவ்! ஏத்துன்னா ஏன்யா இறக்குற?"

ஓட்டுநர் தலையை வெளியே நீட்டினார். "அண்ணன் ஏத்துன்னா இறக்குன்னுதானே சார் அர்த்தம்? அவர் மாத்திச் சொன்னாலும் நான் சரியா செஞ்சிட்டா வேலை போகாதுல்ல?"

மேற்பார்வையாளர் தொப்பியைக் கழற்றித் தலையைச் சொறிந்தார். "நோயாளிக்குக் குணமாயிடுச்சு. இவனுக்கு யாரு வைத்தியம் பாக்குறது?"

மைக்செட் திரும்பி வந்தார். கூண்டைப் பார்த்து, உள்ளங்கையை விரித்துக் காட்டி, கிடங்கு அதிரக் கத்தினார்.

"டேய்! மடிப்பைத் தூக்கிட்டேன்டா!"

எத்தனையோ மாலைகள் அந்தப் புத்தகங்களுக்கு எதிரில் உட்கார்ந்து டீ குடித்த ஓட்டுநருக்கு வேறு விளக்கம் தேவைப்படவில்லை. அதன்பின் கொக்கி சொன்ன பக்கம் போனது. ஒரே ஒரு தடவை இடது என்பதற்கு வலது என்று வந்தது. கொக்கி அசைவதற்குள் அவரே கையை உயர்த்தி நிறுத்தினார். அந்தக் கை உயர்ந்ததைத்தான் மேற்பார்வையாளர் கவனித்தார் என்று நினைக்கிறேன். சிறிய தடிகளில் தொடங்குவது, வாய்ச்சொல்லோடு கைச்சைகையும் காட்டுவது, கொஞ்ச நாளைக்குப் பக்கத்தில் இன்னொரு ஆள் நிற்பது என்று சொல்லி அவரை வேலைக்குத் திரும்ப எடுத்துக்கொண்டார்.

"ரெண்டு பேரும் இனிமே ஒரே பாஷை பேசுங்க" என்று ஒரு எச்சரிக்கையும் கொடுத்தார்.

கணவனும் மனைவியும் என் அறையைத் தாண்டி வெளியேறினார்கள். "நாளைக்கு வர்றீங்கல்ல?" என்றேன்.

"வரமாட்டேன்" என்றார் மைக்செட்.

அவர் கை தொடைமேல் அசையவில்லை. மனைவி அவர் தோளில் பையால் ஒரு தட்டுத் தட்டினார். அது வாய் தவறியதா, கேலியா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. மறுநாள் காலையில் நான் பேனாவைத் திறப்பதற்கு முன்பே, லாரிகளின் இரைச்சலைத் தாண்டி அவர் குரல் வாயில்வரை வந்துவிட்டது.