முதுகுகளை வரைந்தவர்

கிறுக்கு என்று ஊர் சொன்ன கலைஞர்களின் கதைகளில் எனக்குச் சின்ன வயதிலிருந்தே ஒரு பைத்தியம். தோளில் கோழியை வைத்துக்கொண்டு படம் வரைந்தவர், வீட்டுக் கதவுகளையெல்லாம் கழற்றிவிட்டுக் கவிதை எழுதியவர், நாவலை முடித்த அன்றே எரித்துவிட்டு மறுநாள் முதல் வரியிலிருந்து தொடங்கியவர். இப்படிப்பட்டவர்கள் எழுதியதும் இவர்களைப் பற்றி மற்றவர்கள் எழுதியதுமாக, அன்புவழிபுரத்தில் எங்கள் வீட்டு அலுமாரியில் இரண்டு தட்டுகள் நிறைந்துவிட்டன. பகலில் நான் ஓர் அரச கந்தோரில் எழுதுவினைஞர். அங்கே எல்லாக் கடிதங்களும் ஒரே மாதிரித் தொடங்கி ஒரே மாதிரி முடியும். பின்னேரம் வீட்டுக்கு வந்து கோழிக்காரரின் பக்கத்தைத் திறந்தால் மூச்சு விட இடம் கிடைத்ததுபோல இருக்கும்.

ஐம்பதை நெருங்கியபோது நானும் அப்படி ஒரு புத்தகம் எழுதவேண்டும் என்று ஆசை வந்தது. ஆளைத் தேடி அலையவேண்டி இருக்கவில்லை. எங்கள் நகரத்திலேயே ஒருவர் இருந்தார். துறைமுகப் பக்கம் ஓர் ஒழுங்கையில் வீடு. மீன்பிடிப் படகுகளுக்குப் பெயரும் இலக்கமும் எழுதுவது தொழில். அதோடு படம் வரைந்து, பக்கத்தில் ஏதோ எழுதி, போட்டோக்கொப்பி அடித்து, தானே ஊசி நூலால் தைத்துப் புத்தகமும் போடுவார். ஒவ்வொன்றிலும் பத்துப் பிரதிதான். இலக்கியக் கூட்டத்துக்கு வந்தால் தன் மரக்கதிரையைத் தலையில் வைத்துக்கொண்டு வருவார். இரண்டு கைகளிலும் ஒவ்வொரு மணிக்கூடு கட்டியிருப்பார், இரண்டும் வேறு வேறு நேரம் காட்டும். புதன்கிழமைகளில் யாருடனும் கதைக்கமாட்டார். தட்டுப்பாட்டு நாட்களில் எல்லோரும் பெற்றோல் செட்டில் கால்கடுக்க நின்றபோது, வாகனமே இல்லாத இந்த மனிதர் வரிசையில் கதிரை போட்டு இருந்தார் என்று ஊரே சிரித்தது.

ஆறு மாதமாகக் கதைகளைச் சேர்த்தேன். தேத்தண்ணிக் கடைக்காரர் சொன்னார், படகுக்காரர்கள் சொன்னார்கள், கூட்டங்களுக்கு வருகிறவர்கள் சொன்னார்கள். பெரிய கொப்பியில் எண்பது பக்கம் எழுதினேன். எழுதியது எனக்கே நன்றாகப் பிடித்துவிட்டது. சம்பந்தப்பட்டவரிடம் ஒருமுறை காட்டுவது மரியாதை என்று ஒரு சனிக்கிழமை காலை அவர் வீட்டுக்குப் போனேன்.

"வாங்கோ தங்கச்சி, இருங்கோ" என்று அந்தப் பேர்போன கதிரையையே எனக்குத் தந்தார். என்னைவிட நாலைந்து வயதுதான் கூட இருக்கும். குசினிக்குள் போய்த் தானே தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு வந்து வைத்துவிட்டு, நின்றபடியே வாசிக்கத் தொடங்கினார். சில இடங்களில் சிரித்தார். எனக்குத் தைரியம் வந்தது.

"கதிரை ஏன் எண்டு நீங்கள் எழுதேல்லையே?"

"ஏன் அண்ணை?"

"முந்திக் கப்பலுக்குப் பெயின்ற் அடிக்கேக்க உயரக் கட்டின சாரத்தில இருந்து விழுந்து இடுப்பு அடிபட்டுப்போச்சு. பிளாஸ்ரிக் கதிரையில இருந்தா நாரி எழும்பவிடாது. இந்த மணிக்கூடு குவைத் நேரம். மனிசி அங்க வேலை செய்யிறா. எப்ப எடுத்தாக் கதைக்கலாம் எண்டு பாக்கிறதுக்கு."

"புதன்கிழமை?"

"அது சும்மா. வாய்க்கும் ஒரு நாள் லீவு வேணும்தானே."

கொப்பியை மூடி என் மடியில் வைத்தார். பிறகு, குரலை உயர்த்தாமலே கேட்டார்: "தங்கச்சி, என்ர புத்தகங்களில எதை வாசிச்சனீங்கள்?"

நான் ஒன்றையும் வாசித்திருக்கவில்லை. ஒரு கூட்டத்தில் அவர் தந்த பிரதி ஒன்று என் அலுமாரியில் திறக்காமலே கிடந்தது.

"முதலாவதை" என்றேன்.

"அது எதைப் பற்றினது?"

துறைமுகத்துக்காரர் வேறு எதை எழுதியிருப்பார் என்று நினைத்து, "கடலைப் பற்றி" என்றேன்.

"என்ர ஒரு புத்தகத்திலயும் கடல் இல்லை" என்றார். கோபம் இருக்கவில்லை. அதுதான் இன்னும் சுட்டது. "கடலை எல்லாரும் பாக்கினம். அதுக்கு நான் தேவையில்லை." உள்ளே போய் ஆறு புத்தகங்களையும் ஒரு துணிப்பையில் போட்டுக்கொண்டு வந்தார். "வாசிச்சிட்டு என்னவும் எழுதுங்கோ. கிறுக்கன் எண்டும் எழுதலாம். ஆனா வாசிச்சிட்டு."

வீட்டுக்கு வரும்வரை எனக்கு முகத்தில் ரத்தம் ஏறியபடியே இருந்தது. கோழிக்காரரின் படங்களில் ஒன்றையாவது நான் நின்று பார்த்திருக்கிறேனா என்று ஓட்டோவில் இருந்தபடி யோசித்தேன். கோழிதான் நினைவிருந்தது.

அந்தக் கிழமை ஆறையும் வாசித்தேன். முதலாவது, சந்தையில் சாமான் சுற்றிக் கட்டும் கைகள். இரண்டாவது, வீட்டு வாசல்களில் கழற்றிவிட்ட செருப்புகள். ஒவ்வொரு படத்துக்கும் கீழே ஒன்றிரண்டு வரிகள்தான், ஆனால் படத்தைவிட்டு நகரமுடியாதபடி பிடித்துவைக்கும் வரிகள். மூன்றாவதுதான் வரிசைகளின் புத்தகம். பெற்றோல் வரிசை, காஸ் வரிசை, மண்ணெண்ணெய் வரிசை. எல்லாமே முதுகுகள். ஒரு முகம்கூட இல்லை. வரிசையில் நிற்கிறவனுக்கு முன்னால் தெரிவது முதுகுதானே. கதிரை போட்டு இருந்து அவர் செய்தது இந்த வேலை.

நடுப்பக்கத்தில் ஒரு முதுகைப் பார்த்ததும் கை நின்றது. ஹெல்மெற்றைக் கையில் கோர்த்தபடி ஓர் ஆண். சேட்டின் கொலர் ஓரம் கிழிந்து, பொருந்தாத கறுப்பு நூலால் தைத்திருந்தது. அந்தத் தையல் நான் போட்டது. வீட்டில் வேறு நூல் இருக்கவில்லை. கீழே எழுதியிருந்தது: "இவர் மூன்று நாளாக வருகிறார். தன் இடத்தை இரண்டு தரம் மற்றவர்களுக்குக் கொடுத்துவிட்டார். வீட்டில் சொல்லமாட்டார்."

அந்த நாட்கள் எனக்கு நன்றாக நினைவிருந்தன. மூன்று நாளும் வெறும் பெற்றோல் தாங்கியோடு மோட்டார் சைக்கிளை உருட்டிக்கொண்டு வந்த என் கணவரிடம், "உங்களுக்கு வரிசையில நிக்கக்கூடத் தெரியாது" என்று கத்தியிருந்தேன். அவர் முகம் கழுவப் போயிருந்தார்.

முற்றத்தில் செடிகளுக்குத் தண்ணி விட்டுக்கொண்டிருந்தவரிடம் புத்தகத்தைக் கொண்டுபோய்க் காட்டினேன்.

"இஞ்சேருங்கோ, இது ஆர்?"

கண்ணாடியைத் தேடி எடுத்துப் பார்த்தார். "நான்தான் போல கிடக்கு."

"இடத்தை ஆருக்குக் குடுத்தனீங்கள்?"

"ஒரு ஓட்டோக்காரப் பெடியன். மனிசி பிள்ளைத்தாச்சி, ஆஸ்பத்திரிக்கு ஓடவேணும் எண்டான். மற்றது ஆரெண்டு இப்ப ஞாபகமில்லை."

"ஏனப்பா எனக்குச் சொல்லேல்லை?"

"நீ அண்டைக்குக் களைச்சுப்போய் நிண்டனீ. சொன்னாலும் பேச்சுத்தானே விழும்."

இருவரும் சிரித்தோம். எனக்குக் கண்ணும் கலங்கியது. தண்ணிக் குழாயை அவர் கையிலிருந்து வாங்கி மிச்சச் செடிகளுக்கு நான் விட்டேன்.

எண்பது பக்கத்தில் எழுபத்தைந்தை எடுத்துவிட்டேன். மீண்டும் எழுத ஒரு வருடம் பிடித்தது. இந்த முறை ஆறு புத்தகங்களையும் பற்றித்தான் எழுதினேன். கைகள், செருப்புகள், முதுகுகள். வரைந்தவரிடம் கொண்டுபோனேன். இந்த முறை சிரிக்கவில்லை. கடைசிப் பக்கத்தை முடித்ததும் இன்னொரு தரம் முதல் பக்கத்துக்குப் போனார். "இது நான் எண்டு சொல்லலாம்" என்றார். எனக்கு அது போதுமாக இருந்தது.

ஒரு பாடசாலை மண்டபத்தில் வெளியீடு வைத்தோம். என் புத்தகத்தைப் பற்றிப் பேசியவர்கள் பேசிக்கொண்டிருக்க, சனம் மெல்ல மெல்லப் பின்பக்கத்து மேசைக்கு நகர்ந்தது. அங்கே அவருடைய ஆறு புத்தகங்களையும் விரித்து வைத்திருந்தோம். "இது அவன்ர முதுகு", "இது எங்கட ஒழுங்கைச் செருப்பு" என்று ஒரே சத்தம். பேச்சாளர் இரண்டு தரம் நிறுத்திப் பார்த்தார். எனக்குக் கொஞ்சம் பொறாமையாகவும் இருந்தது, பொய் சொல்லக்கூடாது.

குறிஞ்சாக்கேணியிலிருந்து வந்திருந்த ஓர் ஆசிரியை மண்ணெண்ணெய் வரிசைப் பக்கத்தில் விரலை வைத்தபடி நின்றார். "இது எங்கட உம்மா. இந்த மண்ணெண்ணெய்க் கான் இப்பவும் வீட்டில கிடக்கு. உம்மாக்கு இதக் காட்டோணும்."

அது வரைந்தவரிடம் மிஞ்சியிருந்த ஒரே பிரதி. "நானே கொண்டுவந்து காட்டுறன்" என்றார்.

அடுத்த ஞாயிறு அவரும் நானும் பஸ் ஏறிக் குறிஞ்சாக்கேணிக்குப் போனோம். அந்தத் தாய் அறுபதைத் தாண்டியவர், முக்காட்டைச் சரிசெய்துகொண்டு வாசலுக்கு வந்தார். படத்தைக் கையை நீட்டித் தூரப் பிடித்துப் பார்த்தார்.

"என்ட முதுகு இப்பிடியா கூனியிருக்கு?" என்று சிரித்தார். வரிகளை மகள் வாசித்துக் காட்டினார். முழுவதையும் கேட்டுவிட்டு வரைந்தவரைப் பார்த்துக் கேட்டார்: "தம்பி, முன்னுக்கு இருந்து ஒண்டு வரைய மாட்டீங்களா?"

அவர் தடுமாறிப்போனதை அன்றுதான் பார்த்தேன். "முகம் வரைஞ்சு பழக்கமில்லை அம்மா. எனக்கு ஏலாது."

"எனக்கு அவசரமில்ல. பழகுங்க. நான் இருக்கன்."

அந்த அம்மா வாசல்படியில் வசதியாக இருந்துகொண்டார். மகள் தேத்தண்ணி போட உள்ளே போனார். முதுகுகளை வரைந்தவர் பையிலிருந்து பென்சிலை எடுத்தார், முதல் தாளைக் கிழித்தார், இரண்டாவதையும் கிழித்தார். மூன்றாவதில் மூக்குவரை வந்துவிட்டார்.